லட்சுமி கொசுறு

நம் செட்டுப் பெண்கள் குரூப்பில் போன வாரம் ஒருத்தி கேட்டிருந்தாள்: “கணக்குல எப்பவும் நூத்துக்கு நூறு வாங்குவாளே, அந்த விஸ்வநத்தத்துப் பிள்ள, அவ இப்ப எங்கடீ இருக்கா? யாருக்காச்சும் தெரியுமா?” அதற்குக் கீழே பதினேழு பேர் அழுகிற பொம்மையும் கைகூப்புகிற பொம்மையும் போட்டிருந்தீர்கள். பதில் ஒருத்தியிடமும் இல்லை. அடுத்த நிமிடமே பேச்சு, நாம் கூடும் நாளில் எல்லாரும் ஒரே நிறத்தில் சேலை எடுக்கலாமா என்று போய்விட்டது.

எனக்குப் பதில் தெரியும். சர்க்கரை வந்தாயிற்று, முழங்கால் போயிற்று, இனி யாருக்குப் பயந்து என்ன ஆகப்போகிறது? ஆளுக்கொரு பக்கம் பள்ளிக்கூட நினைவு எழுதித் தரச் சொன்னீர்கள் அல்லவா, என் பக்கம் இதுதான். வேப்ப மரமும் மணியோசையும் இதில் இல்லை. அதை எழுத உங்களில் பதினைந்து பேர் இருக்கிறீர்கள்.

நாம் எட்டாம் வகுப்பு படித்த வருடம். என் அப்பா குழாய் ஏஜென்ட் என்பது உங்களுக்கு நினைவிருக்கும். அவர் சட்டையில் எப்போதும் ஒரு புளித்த வாடை அடிக்கும் என்று என்னைக் கேலி செய்தவர்கள்தானே நீங்கள். அது பசை வாடை. மைதா மாவில், பூச்சி அரிக்காமலிருக்க மயில்துத்தம் போட்டுக் காய்ச்சிய பசை. பட்டாசுக் கம்பெனி காகிதம் தரும், கிழிசலுக்கும் சேர்த்துக் கொஞ்சம் கூடவே தரும். அப்பா அதை விஸ்வநத்தத்தில் நாற்பது வீடுகளுக்குப் பிரித்துக் கொடுப்பார். அங்கே பெண்கள் அதை இரும்புக் கம்பியில் வைத்து, வெடிமருந்து அடைப்பதற்கான விரல் நீளக் குழாயாகச் சுருட்டி, பசை தடவி, சுளவில் பரப்பிக் காயவைத்து, பன்னிரண்டு பன்னிரண்டாக நூலில் கட்டுவார்கள். பன்னிரண்டு கட்டு ஒரு குரோஸ். வீட்டுக்குத் தினம் பத்து குரோஸ். காலையில் அப்பாவின் மூன்று சக்கர வண்டி வரும்போது எண்ணிக்கை சரியாக இருக்க வேண்டும். குறைந்தால் அன்றைக்குக் காகிதம் கிடையாது.

ஒவ்வொரு குரோஸுக்கும் மேலே ஆறு குழாய் தனியாக வைக்க வேண்டும். நசுங்கியது, பசை விட்டது இருந்தால் ஈடுகட்ட என்று தாத்தா காலத்தில் ஏற்பட்ட வழக்கம். ஆனால் நசுங்கியதை எந்தப் பெண்ணும் கொடுத்ததில்லை. அந்த ஆறுக்கு ‘லட்சுமி கொசுறு’ என்று பெயர். வண்டியில் மஞ்சள் வட்டம் போட்ட சாக்கு ஒன்று தனியாக இருக்கும். பெண்கள் அந்த ஆறு குழாயையும் கண்ணில் ஒற்றிக்கொண்டு அதில் போடுவார்கள். சாக்கு வெள்ளிக்கிழமை தோறும் கம்பெனிக்குப் போகும். வருகிற பணத்தை அப்பா நோட்டில் எழுத மாட்டார். சாமி அலமாரியில் இருந்த பிஸ்கட் டின்னில் போட்டுவிடுவார். லட்சுமியின் பணத்தை எண்ணக்கூடாது, எழுதவும் கூடாது. அம்மா குடும்பம் நடத்தியது அந்த டின்னில் கைவிட்டுத்தான்.

நோட்டில் இருந்தது வேறு கதை. கம்பெனி குரோஸுக்கு ஒரு ரூபாய் தரும். வீடுகளுக்குத் தொண்ணூறு பைசா. பசை மாவு, வண்டிக்காரர் கூலி என்று பத்துப் பைசா. மிச்சம் ஒன்றுமில்லை. ராத்திரிச் சோறு இறங்காமல் அப்பா சொல்வார்: “ஒரு குரோஸுக்கு ஒத்தப் பைசா நிக்கல. நாப்பது குடும்பம் கஞ்சி குடிக்கணுமேன்னு ஓட்டிக்கிட்டிருக்கேன். இல்லாட்டி என்னைக்கோ விட்டுட்டுப் போயிருப்பேன்.” அவர் பொய் சொல்லவில்லை. மனதார நம்பினார். மொசைக் தரை போட்ட வீட்டில், மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்துகொண்டு, தான் நஷ்டத்தில் தர்மம் செய்வதாக நம்பினார். ஆடு நனைகிறதே என்று அழுத ஓநாய்க்காவது தான் ஓநாய் என்று தெரியும்.

இப்போது அவளிடம் வருகிறேன். நாற்பது வீடுகளில் ஒன்று அவளுடையது. அவள் அப்பாவுக்குக் கம்பெனித் தீயில் இரண்டு கையும் வெந்து விரல்கள் ஒட்டிப்போயிருந்தன. வாசலில் உட்கார்ந்து போகிற வருகிற பஸ்ஸைப் பார்ப்பதுதான் அவர் வேலை. ஆகவே அவளும் அவள் அம்மாவும் சுருட்டினார்கள். விடிகாலை எழுந்து மிச்சத்தை முடித்து, கட்டி, வண்டியில் ஏற்றிவிட்டுப் பாவாடையை உதறிக்கொண்டு ஓடினால் எட்டே காலுக்கு வரும் பஸ் கிடைக்கும். அவள் விரல் நுனிகள் மயில்துத்தத்தால் பச்சை பாரித்திருக்கும். நாம் அவளோடு பங்கிட்டுத் தின்ன மாட்டோம், நினைவிருக்கிறதா? அந்த விரலை வைத்துக்கொண்டு அவள் கணக்கில் நூறு வாங்கினாள். நான் முப்பத்தெட்டு.

“நான் காகிதம் குடுத்துச் சுருட்டுறவ மக நூறு வாங்குறா. அவளுக்குப் படியளக்கிற வீட்டுல பெறந்த நீ முப்பத்தெட்டு. வெக்கமா இல்ல?” என்று ரேங்க் அட்டையை அப்பா என் முகத்தில் விசிறியடித்தார். அதன் முனை உதட்டில் பட்டுக் கிழித்தது. அன்றிலிருந்து எனக்கு அவளைப் பிடிக்காது. அதுவரை பிடித்திருந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

ஆனி மாதத்தில் கணக்கு டீச்சர் இயற்கணிதக் கோவைகள் பாடம் எடுத்தார். தெரியாத எண்ணுக்கு ஒரு எழுத்து வை, பிறகு எழுத்தையே கூட்டு, பெருக்கு, கழி என்று அவர் சொல்லச் சொல்ல எனக்குத் தலை சுற்றியது. பள்ளிக்கூடக் கண்காட்சி வரப்போகிறது, ஒவ்வொருத்தியும் தன் வீட்டுத் தொழிலின் லாபத்தை ஒரு கோவையாக எழுதி அட்டையில் கொண்டுவர வேண்டும், முதல் பரிசு உண்டு என்றார். அச்சாபீஸ் வீட்டுப் பெண்கள், எண்ணெய்க் கடை, மிளகாய் மண்டி வீட்டுப் பெண்கள் எல்லாரும் குதித்தீர்கள். அவளும் எழுந்து நின்றாள்.

“ஒனக்கு என்னம்மா? கூலிக்குச் சுருட்டுறதெல்லாம் தொழில்ல சேராது. நீ உக்காரு” என்றார் டீச்சர்.

வகுப்பே சிரித்தது. நான் சிரித்தேன், நீங்களும் சிரித்தீர்கள். அவள் உட்கார்ந்து, மேசையில் ஒட்டியிருந்த பசைத் துணுக்கை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தாள்.

எனக்குக் கோவை வரவில்லை. மூன்று நாள் முயன்றேன். நான்காம் நாள் சனிக்கிழமை, காகிதம் கொண்டுபோகும் வண்டியில் ஏறி அவள் வீட்டுக்குப் போனேன். ஏஜென்ட் மகள் வந்திருக்கிறாள் என்று அவள் அம்மா பதறி, “வாங்க தாயி, இங்கன உக்காருங்க” என்று காகிதக் கட்டை நகர்த்திச் சாக்கு விரித்தாள். எட்டாம் வகுப்புப் பிள்ளையை ‘வாங்க’ என்றாள். எனக்கு அது பிடித்திருந்தது.

குழாய்க் கணக்கு என்று சொல்ல மனம் வரவில்லை. நம் வீட்டுத் தொழில் விவரத்தைச் சுருட்டுகிறவளிடம் சொல்வதா? அதனால் மாற்றிச் சொன்னேன். ஒருவன் எலுமிச்சம்பழம் வியாபாரம் செய்கிறான். நூறு பழத்தை ஒன்பது ரூபாய்க்கு வாங்குகிறான். வண்டிக்கு ஒரு ரூபாய். பத்து ரூபாய்க்கு விற்கிறான். வாங்கும்போது நூறுக்கு நாலு பழம் கொசுறு கேட்டு வாங்கிக்கொள்கிறான். லாபம் என்ன?

அவள் கை நிற்கவில்லை. கம்பியை உருட்டிக்கொண்டே சொன்னாள். “எத்தன நூறுன்னு தெரியாதுல்ல, அத n-னு வை. கொசுறு மாறும், அத x-னு வை. வரவ எழுது. 10n. அதுக்குக் கீழ செலவு, 9n ஒண்ணு, ஒரு n ஒண்ணு. கழி. என்ன வருது?”

“சைபர்.”

“அப்ப யாவாரத்துல அவனுக்கு ஒத்தப் பைசா லாபமில்ல. மிச்சம் நிக்கிறது கொசுறுப் பழத்த வித்த காசு மட்டுந்தான்.” அவள் சிரித்துவிட்டாள். “சரியான களவாணிப் பய இவன். கொசுறுன்னு சொல்லிக்கிட்டு லாபம் அம்புட்டையும் அதுலயே எடுத்துக்கிட்டான் பாரு.”

அவள் அப்பாகூட வாசலில் இருந்து சிரித்தார்.

நான் கேட்டேன்: “கொசுற எட்டாக்குனா?”

“லாபமும் ரெண்டு மடங்கு. x எம்புட்டு ஏறுதோ அம்புட்டும் லாபம். ஆனா பழம் குடுக்குறவன் சும்மா இருப்பானா?”

“அது கணக்குல கெடையாது” என்றேன்.

“ஆமா, அது கணக்குல வராது” என்று ஒத்துக்கொண்டு, காய்ந்த குழாய்களைக் கட்ட ஆரம்பித்தாள்.

வீட்டுக்கு வந்து பழத்தை எடுத்துவிட்டுக் குழாயை வைத்தேன். நூறை எடுத்துவிட்டு நூற்று நாற்பத்து நான்கை வைத்தேன். வரவும் செலவும் அடித்துக்கொண்டு போயின. மிஞ்சியது கொசுறு மட்டும். n பெருக்கல் x, வகுத்தல் 144. வாரத்துக்கு இரண்டாயிரத்து நானூறு குரோஸ், ஆறு கொசுறு: நூறு ரூபாய். பிஸ்கட் டின்னில் வெள்ளிக்கிழமை விழுவது அந்த நூறுதான்.

மதியச் சாப்பாடு முடிந்து வெற்றிலை போட்டுக்கொண்டிருந்த அப்பாவிடம் காட்டினேன். முதலில் கோபம் வந்தது. “லட்சுமியக் கணக்குல எழுதுறியா? கைய ஒடிச்சுருவேன்” என்று எழுந்தார். எனக்கு உதடு கிழிந்தது ஞாபகம் வந்தது. அடி விழுவதற்குள் சொல்லிவிட வேண்டும் என்று சொன்னேன்: “கொசுற ஒரு டஜனாக்குனா எரநூறு வரும்ப்பா. வேற செலவு ஒண்ணுமில்ல.”

அப்பா ஓங்கிய கையோடு நின்றார். பிறகு உட்கார்ந்து தாளை வாங்கிப் பார்த்தார். x என்றால் என்ன, n என்றால் என்ன என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். அவ்வளவு பொறுமையாக அவர் என்னிடம் எதையும் கேட்டதில்லை. இத்தனை வருடம் தர்மம் என்று நினைத்திருந்தது தர்மமில்லை என்று அன்றைக்கு அவருக்குத் தெரிந்துவிட்டது. வெட்கப்பட்டிருக்கலாம், ஆறை நாலாக்கியிருக்கலாம். அவர் என் தலையில் கைவைத்து, “லட்சுமி எங்க இருக்கான்னு கண்டுபிடிச்சுட்டியே தாயி” என்றார். அம்மா மட்டும் அடுப்படியிலிருந்து, “பாவம், அதுக கையி என்னத்துக்காகும்?” என்றாள். அப்பா, “நீ மாவாட்டுற கிரைண்டர் கேட்டுக்கிட்டிருந்தியே” என்றதும் அவள் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஆடி முதல் வெள்ளிக்கிழமை அப்பா வண்டியோடு தானே போனார், என்னையும் கூட்டிக்கொண்டு. புதுச் சாக்கு, புது மஞ்சள். “சீசன் தொடங்குது. இனிமே லட்சுமிக்கு குரோஸுக்கு ஒரு டஜன். அவ மனசு குளுந்தா நம்ம எல்லாருக்கும் நல்லது” என்றார். பெண்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். லட்சுமிக்கு இல்லை என்று எவள் சொல்வாள்? கண்ணில் ஒற்றிப் போட்டார்கள்.

இங்கேதான் உங்களுக்குக் கணக்குச் சொல்ல வேண்டும். குரோஸுக்கு ஆறு கூடினால் பத்து குரோஸுக்கு அறுபது. அறுபது குழாய் சுருட்டிக் கட்ட அவள் வீட்டில் அரை மணி நேரம். அவர்கள் ஏற்கெனவே எழுந்த நேரத்துக்கு முன்னால் எழுந்தால் ராத்திரி சுருட்டியதில் பசை உலர்ந்திருக்காது, கட்டினால் நசுங்கும். ஆகவே அரை மணி நேரத்தைக் காலைக் கடைசியில்தான் சேர்க்க முடியும். எட்டே காலுக்கு பஸ். அடுத்தது ஒன்பதரைக்கு. பள்ளிக்கூட வாசல் ஒன்பதுக்குச் சாத்தும்.

முதல் வாரம் மூன்று நாள் அவள் நடந்தே வந்தாள். புழுதிக் காலோடு வாசலில் வெயிலில் நின்றாள். பெரிய டீச்சர், “ஊர் சுத்திட்டு வர்றவளுக்கு இங்க எடமில்ல” என்று திருப்பி அனுப்பினார். ஜன்னல் வழியாக நாம் எல்லாரும் பார்த்தோம். ஏன் தாமதம் என்று எனக்கு மட்டும் தெரியும். அந்த மாதக் கணக்குப் பரீட்சையை அவள் எழுதவில்லை. நான் கோவைப் பாடத்தில் எழுபது வாங்கினேன். சந்தோஷமாக இருந்தது, அதை மறைப்பானேன்?

அவள் அம்மா ஒரு நாள் காலையில் வண்டியைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். “அண்ணாச்சி, எங்க வீட்டுக்கு மட்டும் பழைய ஆறா வச்சுக்கோங்க. பிள்ளைக்கு பஸ் போயிருது. நல்லாப் படிக்கிற பிள்ள அண்ணாச்சி.”

“லட்சுமிக்குக் குடுக்குறதுல கணக்குப் பாத்தா வெளங்குமா, ஆத்தா? ஒன் மக பஸ்ஸுக்காக லட்சுமி காத்துக் கெடப்பாளா?” என்றார் அப்பா. அவள் உடனே கன்னத்தில் போட்டுக்கொண்டாள். தப்பாகக் கேட்டுவிட்டோம், வீட்டுக்கு ஏதாவது வந்துவிடுமோ என்று பயந்திருப்பாள். ஏற்கெனவே ஒரு தீ பார்த்த வீடு.

கண்காட்சி அன்று என் அட்டையை நடுச்சுவரில் மாட்டினார்கள். சிவப்பு மையில் கோவை, நீல மையில் விடை. x = 6 என்றால் லாபம் 100. x = 12 என்றால் லாபம் 20. ஆம், இருபது. எழுதும்போது ஒரு சைபரை விட்டுவிட்டேன். டீச்சர் கவனிக்கவில்லை, மிளகாய் மண்டி வீட்டுக்காரியும் கவனிக்கவில்லை. பரிசு கொடுக்க வந்த பெரியவர்கள் இன்னும் எங்கள் அறைக்கு வரவில்லை.

அவள் அன்று எப்படியோ வந்திருந்தாள். வாசல் அன்றைக்கு நாள் முழுக்கத் திறந்திருந்ததால் உள்ளே விட்டார்கள். என் அட்டைக்கு முன்னால் வந்து நின்றாள். உதடு அசைய, மேலிருந்து ஒவ்வொரு வரியாக வாசித்தாள். வரவு, செலவு, கழித்தல், கொசுறு. முழுதும் வாசித்து முடித்த பிறகு என் கையிலிருந்த பென்சிலை வாங்கினாள். கிழிக்கப்போகிறாள் என்று பயந்து நான் அட்டையைப் பிடித்தேன். அவள் இருபதுக்குப் பக்கத்தில் ஒரு சைபர் போட்டாள்.

“சைபர் விட்டிருக்க” என்றாள்.

பென்சிலைத் திருப்பிக் கொடுத்த பிறகு, மெதுவாகத்தான் கேட்டாள்: “எலுமிச்சம்பழம்னு சொன்னே?”

“கணக்குக்கு எந்தப் பழமா இருந்தா என்னட்டி?” என்றேன்.

அவள் தன் விரல்களைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு வெளியே போனாள். பள்ளிக்கூடத்துக்கு அவள் வந்தது அதுதான் கடைசி. பெயர் கூப்பிடும்போது பத்து நாள் நாம் “வரல டீச்சர்” என்று கூட்டாகக் கத்தினோம். பிறகு டீச்சர் அந்தப் பெயரைச் சிவப்பு மையில் அடித்துவிட்டார். முதல் பரிசு எனக்கு. ஒரு ஜாமென்ட்ரி பாக்ஸ், மூடியில் மயில் படம். எங்கே போயிற்றோ, இப்போது இல்லை.

இதோடு முடிந்தது என்று எழுதினால் நான் நல்லவளாகிவிடுவேன். எட்டு வருடம் கழித்து மதுரையில் கல்லூரி முடித்து ஊருக்கு வந்தபோது, சும்மா பார்க்கலாம் என்று வண்டியோடு விஸ்வநத்தம் போனேன். அவள் அம்மா இடத்தில் அவள் இருந்தாள். பத்து குரோஸை எண்ணி வைத்தாள். லட்சுமி கொசுறை எடுத்துச் சாக்கில் போட்டாள். மற்ற முப்பத்தொன்பது பேரும் கண்ணில் ஒற்றித்தான் போட்டார்கள். அவள் ஒற்றவில்லை, சும்மா போட்டாள். வீட்டில் சாப்பிடும்போது நான் இதைச் சிரித்துக்கொண்டு அப்பாவிடம் சொன்னேன். அப்பா சிரிக்கவில்லை. அந்த வீட்டுக்கு மூன்று நாள் காகிதம் நிறுத்தினார். சொன்னால் என்ன நடக்கும் என்று தெரியும்.

அப்பா போய் இருபது வருடம் ஆகிறது. கடைசி வரை என் அட்டையைக் கண்ணாடிச் சட்டம் போட்டு, ஆபீஸில் லட்சுமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டி வைத்திருந்தார். வருகிறவர்களிடம், “எம்மக எட்டாங்கிளாஸ்ல போட்ட கணக்கு. இதுலதான் நம்ம பொழப்பே ஏறுச்சு” என்பார். அதற்கும் சேர்த்துச் சாம்பிராணி காட்டுவார்.

கேட்டீர்கள் அல்லவா, அவள் எங்கே என்று. ஆனைக்குட்டத்தில் கட்டிக்கொடுத்து அங்கேதான் இருக்கிறாள். என் மகன் நடத்தும் அட்டைப்பெட்டி யூனிட்டுக்கு வீட்டில் வைத்துப் பெட்டி மடித்துத் தருகிற பெண்கள் பட்டியலில் அவள் பெயரைப் போன தையில் பார்த்தேன். நூறு பெட்டிக்கு எத்தனை கொசுறு வாங்குகிறான் என்று மகனிடம் கேட்கவில்லை. கேட்டால் சொல்லிவிடுவான்.

கூடுகையில் எல்லாரும் பார்க்க அந்தப் பழைய அட்டையைக் கொண்டுவரச் சொல்லியிருக்கிறீர்கள். கொண்டுவருகிறேன். சிவப்பு மை வெளிறிவிட்டது, நீலம் பரவாயில்லை. கண்ணாடி போட்டுக்கொண்டு கிட்டப் போய்க் கடைசி வரியைப் பாருங்கள். இருபதை இருநூறாக்கிய அந்தச் சைபர் பென்சிலில் இருக்கும். அது மட்டும் என் கையெழுத்து இல்லை.